முழுப் பிடி

தஸ்லீமாவுக்கு இடது கையில் ஒரே ஒரு விரல், கட்டை விரல். மற்ற நான்கும் இருக்க வேண்டிய இடத்தில் பட்டாணி அளவில் நான்கு மொட்டுகள். பிறவியிலேயே அப்படித்தான். அவளுடைய அத்தா முபாரக், ஏற்காட்டில் ஏரிக்குப் போகும் சாலையில் காபித்தூளும் மிளகும் தேனும் விற்கிற கடை வைத்திருந்தார். கடைக்கு வழக்கமாக வருகிற உள்ளூர்க்காரர்கள் யாரும் அந்தக் கையைக் கவனிப்பதில்லை. பார்த்துப் பழகிவிட்டது. சுற்றுலா வருகிறவர்கள்தான் கவனிப்பார்கள். பாக்கெட்டை அவள் கையிலிருந்து வாங்கும்போது தேவையில்லாமல் இரண்டு தடவை தேங்க்ஸ் சொல்வார்கள். அவளும் இரண்டு தடவை சிரித்து வைப்பாள்.

பன்னிரண்டாம் வகுப்பு முடித்த வருஷம் நீட் எழுதி, மாற்றுத்திறனாளிகள் ஒதுக்கீட்டில் இடம் கிடைக்கிற அளவுக்கு மார்க் வாங்கியிருந்தாள். ஆனால் மார்க் மட்டும் போதாது. சென்னையில் மருத்துவக் குழு ஒன்று நேரில் பார்த்து, இவர் டாக்டருக்குப் படிக்கத் தகுதியானவர் என்று சொல்ல வேண்டும். போன வருஷம் அந்தக் குழுவிலிருந்த டாக்டர் அவள் கையைப் பார்த்தார், விதிமுறைத் தாளைப் பார்த்தார். இரண்டு கைகளும் முழுமையாக இருக்க வேண்டும் என்று அதில் போட்டிருந்தது. "சாரிம்மா" என்றார். உள்ளே போய் உட்கார்ந்த நாற்காலி சூடேறுவதற்குள் வெளியே வந்துவிட்டாள்.

ஏற்காடு திரும்பியதும் சேலத்தில் ஒரு கல்லூரியில் பி.எஸ்சி. சேர்ந்தாள். தினமும் பஸ்ஸில் மலை இறங்கி ஏறினாள். கொண்டை ஊசி வளைவுகளில் படிக்க முடியாது, தலை சுற்றும். அதனால் கண்ணை மூடிக்கொண்டு முந்தின நாள் படித்ததை மனசுக்குள் ஓட்டிப் பார்ப்பாள். எதற்கு என்று யாரும் கேட்கவில்லை. மறுபடியும் நீட் எழுதப் போகிறாள் என்று வீட்டில் எல்லோருக்கும் தெரியும், பேசிக்கொள்ளவில்லை, அவ்வளவுதான்.

இந்த வருஷமும் எழுதி, போதுமான மார்க் வாங்கினாள். கூடவே விதியும் மாறியது. எங்கெங்கோ இருந்த பிள்ளைகள் கோர்ட்டுக்குப் போய் வாங்கிய தீர்ப்புகளால், கை முழுசாக இருக்கிறதா என்று மட்டும் பார்த்துத் தள்ளக்கூடாது, அந்தக் கையால் என்ன செய்ய முடிகிறது என்று பார்க்க வேண்டும் என்று ஆயிற்று. சேதியைக் கொண்டு வந்தவன் வெங்கடேஷ். கடையிலிருந்து நாலு எட்டில் இருந்த பிரௌசிங் சென்டர் அவனுடையது. ஊரில் எல்லா விண்ணப்பங்களும் அவன் கீபோர்டு வழியாகத்தான் போகும்.

தஸ்லீமா தன்னால் என்னென்ன முடியும் என்று தானே உறுதி கூறும் படிவத்தை நிரப்ப, அத்தாவும் மகளும் ஒரு மழை நாளில் அவன் எதிரே உட்கார்ந்தார்கள்.

"படிக்கட்டு ஏறுவீங்களா பாப்பா?"

"கிளியூர் அருவி வரைக்கும் எறங்கி ஏறுவேனுங்ண்ணா."

"அவ்வளவு தூரம் கேக்கல. ஆமான்னு போட்டுக்கறேன்." இடது கையால் பொருள்களைப் பிடிக்க முடியுமா என்ற அடுத்த கேள்வியைப் படித்ததும் வெங்கடேஷ் நாற்காலியைத் திருப்பிக்கொண்டு முபாரக்கைப் பார்த்தான். "அண்ணே, இங்கதான் சூதானமா இருக்கோணும். பாப்பாவோட மாற்றுத்திறனாளி கார்டுல கொறை நாப்பத்தஞ்சு பர்சன்ட்டுன்னு இருக்குது. நாப்பதுக்குக் கீழ போச்சுன்னா கோட்டா கெடையாது. அங்க போயி எல்லாத்தையும் ஜோரா செஞ்சு காட்டுனா, இந்தப் புள்ளைக்கு என்ன கொறைன்னு பர்சன்ட்டைக் கொறைச்சுப் போட்ருவாங்க. அதனால கையைக் கொஞ்சம் தளர்வாவே வெச்சுக்கச் சொல்லுங்க."

முபாரக்குக்கு முகம் வாடிவிட்டது. அவர் பயந்த சுபாவம். மலையில் லாரி ஹாரன் கேட்டாலே கடையைவிட்டு வெளியே வந்து பார்ப்பவர்.

"அப்ப முடியாதுன்னு போட்ரலாமுங்களா?" என்றார்.

"பொய் எழுத வேண்டாமுங்கத்தா" என்றாள் தஸ்லீமா. "முடியும்னே போடுங்கண்ணா."

வெங்கடேஷ் போட்டான். ஆனால் அவன் சொன்னது முபாரக்கின் கூடவே வீட்டுக்கு வந்துவிட்டது.

அன்று சாயங்காலம் அவள் அம்மா சுபைதா சப்பாத்தி தேய்த்துக்கொண்டிருந்தாள். கணவர் சொன்னதைக் கேட்டதும் பூரிக்கட்டையைக் கீழே வைத்தாள்.

"ஏனுங்க, போன வருசம் எதுக்குத் திருப்பி அனுப்புனாங்க? கை செரியில்லைன்னுதானுங்களே? இப்பவும் அதையே போயிக் காட்டச் சொல்றீங்களா? எம்மக நொம்ப நல்லா செய்வான்னு அவங்களுக்குத் தெரிய வேண்டாமா?"

"பர்சன்ட்டு கொறைஞ்சா?"

"பர்சன்ட்டு இருந்து சீட்டு இல்லைன்னா?"

இரண்டு பேரும் மகளைப் பார்த்தார்கள். தஸ்லீமா அடுப்பில் இருந்த சப்பாத்தியைத் திருப்பிப் போட்டாள்.

சென்னையில் இரண்டு அறைகள் உண்டு என்பது அவளுக்குப் போன வருஷமே தெரியும். முதல் அறையில் குறை எவ்வளவு என்று அளப்பார்கள். அதில் பாஸானால்தான் அடுத்த அறை. போன வருஷம் அடுத்த அறையில் ஒருத்தர் தாளைப் பார்த்தார், அதோடு முடிந்தது. இந்த வருஷம் அங்கே செய்து காட்ட வேண்டும். ஆக, அத்தா சொல்வது முதல் அறைக்குச் சரி, அம்மா சொல்வது இரண்டாவது அறைக்குச் சரி. ஒரு கதவுக்கும் அடுத்த கதவுக்கும் நடுவில் கை எப்படி மாறும் என்பதுதான் அவளுக்குப் புரியவில்லை. யோசிக்க யோசிக்கச் சிரிப்பு வந்தது.

முபாரக்கும் தஸ்லீமாவும் ரயிலில் சென்னை போய் சுபைதாவின் தம்பி வீட்டில் தங்கினார்கள். மறுநாள் காலையில் அந்த அரசு மருத்துவமனையின் முதல் மாடி நடையில் பிளாஸ்டிக் நாற்காலிகளில் பிள்ளைகளும் பெற்றோரும் நிறைந்திருந்தார்கள். சக்கர நாற்காலியில் சிலர், காதில் கருவியோடு சிலர், பார்த்தால் ஒன்றும் தெரியாத சிலர். அப்படித் தெரியாதவர்கள்தான் அதிகம் பயந்திருந்தார்கள்.

பக்கத்து நாற்காலிக்காரி நாகர்கோவில் பெண். பேர் ஃபெபி. வலது காலில் இரும்புப் பட்டை போட்ட பூட்ஸ், கையில் ஊன்றுகோல். உட்கார்ந்த உடனேயே பேச ஆரம்பித்துவிட்டாள்.

"உனக்கு யாரு என்ன சொல்லி அனுப்பினாங்க? எனக்கு எங்க மாமா சொல்லுது, கம்பு இல்லாம நின்னு காட்டுன்னு. ட்யூஷன் சார் சொல்றாரு, கம்பைக் கீழயே வைக்காதேன்னு."

தஸ்லீமா சிரித்துவிட்டாள். "எங்க ஊட்லயும் அதேதான். அத்தா ஒண்ணு, அம்மா ஒண்ணு."

"அப்போ நீ என்ன செய்யப் போற?"

"தெரியலீங்க."

"என்ன, 'ங்க' எல்லாம் போடுற? எனக்கும் உனக்கும் ஒரே வயசுதான் இருக்கும்." ஃபெபி தண்ணீர் பாட்டிலைத் திறந்து நீட்டினாள். "நான் முடிவு பண்ணிட்டேன். எப்பவும் எப்படி நிப்பேனோ அப்படி நிப்பேன். வேற மாதிரி நின்னா விழுந்திருவேன்."

தஸ்லீமா தண்ணீரைக் குடித்தாள். அவள் தேடிக்கொண்டிருந்த பதிலை இந்தப் பெண் இவ்வளவு சாதாரணமாகச் சொன்னது அவளுக்குப் பிடித்திருந்தது.

தஸ்லீமாவின் பேரைக் கூப்பிட்டார்கள். முபாரக் எழுந்து நின்று, "கண்ணு, கை…" என்று ஆரம்பித்து, மேலே என்ன சொல்வதென்று தெரியாமல் அவள் துப்பட்டாவைச் சரிசெய்துவிட்டு உட்கார்ந்தார்.

முதல் அறையில் எலும்பு மருத்துவர் ஒருவர் இருந்தார். வயசானவர், மூக்குக் கண்ணாடியை நெற்றியில் ஏற்றிவிட்டிருந்தார். அவள் கையைத் திருப்பிப் பார்த்தார், மணிக்கட்டை மடக்கி நீட்டினார், மொட்டுகளைத் தொட்டு உணர்ச்சி இருக்கிறதா என்று கேட்டார். பிறகு தன் இரண்டு விரல்களை அவளுடைய கட்டை விரலுக்கும் உள்ளங்கைக்கும் நடுவில் வைத்தார்.

"புடிம்மா. முடிஞ்ச வரைக்கும் இறுக்கிப் புடி."

இதுதான் அந்த இடம் என்று தஸ்லீமாவுக்குத் தெரிந்தது. தளர்வாகப் பிடித்தால் யாருக்கும் தெரியப்போவதில்லை. வாசலில் அத்தா உட்கார்ந்திருக்கிறார், முழங்காலை ஆட்டிக்கொண்டு. ஒரு நிமிஷம் கை உண்மையிலேயே தளர்ந்தது. அது அவளுக்கு அருவருப்பாக இருந்தது, வேறு யாருடைய கையையோ ஒட்டவைத்த மாதிரி. மூச்சை இழுத்து முழுசாகப் பிடித்தாள்.

"அம்மாடி" என்றார் டாக்டர், விரல்களை உருவிக்கொண்டு. "என்ன சாப்பிடற நீ?"

"சார், இதனால பர்சன்ட்டு கொறையுமுங்களா?"

கேட்டுவிட்டோமே என்று நாக்கைக் கடித்துக்கொண்டாள். அவர் கண்ணாடியை மூக்குக்கு இறக்கி அவளைப் பார்த்தார்.

"யாரு சொன்னா?"

"ஊர்ல சொன்னாங்க சார்."

"எல்லா ஊர்லயும் சொல்றாங்க. காலையிலேருந்து நாலஞ்சு பேரு எங்கிட்ட சோர்ந்த கையா நீட்டிட்டாங்க. எனக்கு அளக்கவே முடியல." அவர் எழுதத் தொடங்கினார். "விரல் இல்லாததுக்கு ஒரு கணக்கு, அசைவுக்கு ஒரு கணக்கு, பலத்துக்கு ஒரு கணக்கு. நீ பலமா புடிச்சா பலம்னு எழுதுவேன். அதுக்காக இல்லாத விரல் முளைச்சிடாதில்ல? உன் நாப்பத்தஞ்சு அப்படியே இருக்கு. போ."

இரண்டாவது அறை பெரியது. மேஜைக்குப் பின்னால் மூன்று டாக்டர்கள். நடுவில் இருந்தவர் சுதாராணி என்று பெயர்ப் பலகை சொன்னது. இன்னொரு மேஜையில் ஸ்டெதஸ்கோப், ஊசிகள், பஞ்சு, மருந்துக் குப்பி, கையுறைப் பெட்டி. தரையில் விரிப்பின் மேல் ரப்பரில் செய்த மனித உருவம் ஒன்று, மார்பு வரைக்கும்தான்.

முதலில் எளிய வேலைகள். குப்பி மூடியைத் திறப்பது, பேனாவால் எழுதுவது, ரத்த அழுத்தம் பார்க்கும் பட்டையை ஒருத்தர் கையில் சுற்றுவது. பட்டையின் ஒரு முனையை இடது உள்ளங்கையால் அழுத்திக்கொண்டு வலது கையால் சுற்றி ஒட்டினாள். ஊசியில் மருந்து இழுக்கச் சொன்னார்கள். குப்பியைக் கட்டை விரலுக்கும் உள்ளங்கைக்கும் நடுவே தலைகீழாகப் பிடித்தாள். முதல் தடவை காற்றுதான் வந்தது. குப்பியைச் சற்றுச் சாய்த்தபின் மருந்து வந்தது.

"அந்த பொம்மைக்கு நெஞ்சு நின்னு போச்சு. அழுத்து பார்ப்போம்" என்றார் இடது பக்கத்திலிருந்த இளம் டாக்டர். எங்கே, எப்படி அழுத்துவது என்று ஒரு தடவை செய்து காட்டினார். உள்ளங்கையின் அடிப்பகுதியை வைத்து, முழங்கை மடங்காமல். தஸ்லீமா மண்டியிட்டாள். இதற்கு விரல்களே வேண்டியதில்லை என்று தொட்டதும் தெரிந்துவிட்டது. இடது கையைக் கீழே வைத்து, வலது கையை மேலே வைத்து அழுத்தினாள். போதும் என்று அவர் இரண்டு தடவை சொல்ல வேண்டியிருந்தது. எழுந்தபோது நெற்றி வேர்த்திருந்தது.

அடுத்தது கையுறை.

இடது கையில் மாட்டியதும் நான்கு ரப்பர் விரல்களும் காற்றில்லாத பலூன் போலத் தொங்கின. அந்தத் தொங்கல்களோடு வலது கையுறையைப் பிடித்து இழுக்க முடியவில்லை. வழுக்கியது. பல்லால் இழுக்கலாமா என்று ஒரு கணம் தோன்றியது, கூடாது என்று உடனே தெரிந்தது. மறுபடி இழுத்தாள், கிழிந்தது. இன்னொன்று எடுத்தாள், அதுவும் கிழிந்தது. மூன்றாவதை எடுக்காமல் கைகளை இறக்கினாள்.

"இது முடியலீங்க மேடம்" என்றாள். "இப்போதைக்கு முடியல."

"இப்போதைக்குன்னா?" என்று கேட்டார் வலது பக்கத்து டாக்டர். குரலில் கடுமை இல்லை, ஆனால் விடுகிற மாதிரியும் இல்லை. "நாளைக்கு ஆபரேஷன் தியேட்டர்ல நின்னா என்ன செய்வே?"

"தெரியலீங்க சார். இன்னைக்குத்தான் மொதத் தடவையா போட்டுப் பாக்கறேன். இந்த விரலெல்லாம் காலியா தொங்குறதுதான் தொந்தரவு. அதை உள்ள மடிச்சு ஒட்டிக்கலாமா, இல்லைன்னா வேற மாதிரி கையுறை கெடைக்குமான்னு விசாரிக்கோணும். அதுவரைக்கும் யாராச்சும் போட்டு வுடச் சொல்லிக் கேப்பேன்."

"கேக்க கூச்சமா இருக்காதா?"

தஸ்லீமா யோசித்துப் பார்த்தாள். "சின்னப் புள்ளையில இருந்துச்சுங்க சார். சடை பின்னிவுடச் சொல்லிக் கேக்க. இப்ப இல்ல."

சுதாராணி சிரிக்கவில்லை, ஆனால் குனிந்து எதையோ எழுதினார். எழுதி முடித்ததும் பக்கத்திலிருந்தவரிடம், "தியேட்டருக்குள்ள போகும்போது எனக்கும் நர்ஸ்தான் கையுறை போட்டு விடறாங்க, சார்" என்றார். அவர் தலையை ஆட்டிக்கொண்டார். ஒப்புக்கொண்டாரா, பிறகு பேசலாம் என்றாரா என்று சொல்ல முடியவில்லை. "வெளியே இரும்மா" என்றார்கள்.

மத்தியானம் வரை உட்கார்ந்திருந்தார்கள். முபாரக் நடையின் கோடிக்குப் போய் மதியத் தொழுகையான லுஹர் தொழுதுவிட்டு வந்தார். வந்து கொஞ்ச நேரம் கழித்து, யாருக்கும் கேட்காத குரலில், "எப்படிப் புடிச்சே?" என்றார்.

"முழுசாப் புடிச்சேனுங்கத்தா."

அவர் எதிரே சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தார். "டாக்டர் என்ன சொன்னாரு?"

"என்ன சாப்பிடறேன்னு கேட்டாரு."

முபாரக்குக்குத் தோள் குலுங்கியது. அழுகிறாரோ என்று தஸ்லீமா திரும்பினாள். சிரித்துக்கொண்டிருந்தார். வாயைக் கைக்குட்டையால் பொத்திக்கொண்டு, சத்தம் வராமல், கண்ணில் தண்ணீர் வருகிற மாதிரி. ஃபெபி என்னவென்று கேட்டாள். சொன்னார்கள். அவளும் சிரித்தாள். எதிர் வரிசையில் இருந்தவர்கள், இந்த இடத்தில் இப்படிச் சிரிக்க என்ன இருக்கிறது என்பது போலப் பார்த்தார்கள்.

தாளைக் கொடுத்த ஊழியர் அவசரத்தில் இருந்தார். மேலே பேர், நடுவில் மூன்று கையெழுத்து. அதற்கு மேலே ஒரு வரியில், மருத்துவப் படிப்புக்குத் தகுதியுடையவர். கீழே கையால் இன்னொரு வரி சேர்த்திருந்தது: கையுறை அணிவதற்குக் கல்லூரி உரிய உதவி ஏற்பாடு செய்ய வேண்டும். தஸ்லீமா முதல் வரியை ஒரு தடவையும் இரண்டாவது வரியைப் பல தடவையும் படித்தாள். முடியலீங்க என்று அவள் சொன்னதற்கு இவர்கள் கொடுத்த பதில் அது. போன வருஷம் தாளில் இப்படி எழுத இடமே இருக்கவில்லை.

ஃபெபிக்கும் தகுதி என்றே வந்தது. ஊன்றுகோலைக் கீழே வைத்தாயா என்று கேட்டதற்கு, "வச்சேன், எடுத்தேன், ரெண்டும் செய்தேன்" என்றாள். போன் நம்பர் வாங்கிக்கொண்டார்கள்.

முபாரக் ஆஸ்பத்திரி வாசலில் நின்று சுபைதாவைக் கூப்பிட்டார். மறுமுனையில் அவள் என்ன சொன்னாளோ, அவர் "ஆமா, ஆமா, நீ சொன்னதுதான் செரி, போதுமா?" என்று கத்தினார். கொஞ்சம் கழித்து, "பர்சன்ட்டும் கொறையல" என்றும் சேர்த்துக்கொண்டார். அதற்குப் பிறகு பஸ்ஸில், மச்சான் வீட்டில், ரயிலில், பக்கத்தில் உட்கார்ந்தவர்களுக்கெல்லாம் மகளின் பிடியைப் பற்றிச் சொன்னார். ஒவ்வொரு தடவை சொல்லும்போதும் டாக்டருக்கு வலி கூடிக்கொண்டே போனது. ரயில் ஆத்தூர் தாண்டியபோது, அவர் கதையில் டாக்டர் ஐயோ என்று அலறியிருந்தார்.

"அத்தா, அவரு அலறல."

"உனக்கென்ன தெரியும், நீ புடிச்சுக்கிட்டு இருந்தே" என்றார் முபாரக்.

கவுன்சலிங்கில் சேலம் அரசு மருத்துவக் கல்லூரியிலேயே இடம் கிடைத்தது. ஃபெபிக்குத் திருநெல்வேலி. வெங்கடேஷ் தன் கம்ப்யூட்டரில் ஒதுக்கீட்டு ஆணையைத் திறந்து காட்டியபோது கடைத்தெருவில் பாதிப் பேர் அவன் முதுகுக்குப் பின்னால் நின்றார்கள். அவன் தான் சொன்ன யோசனையைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. பிரிண்ட் எடுத்த தாளுக்கு மட்டும் காசு வாங்க மாட்டேன் என்று பிடிவாதமாக நின்றான்.

கல்லூரி திறப்பதற்கு முந்தின வாரம் சுபைதாவும் மகளும் வெள்ளைக் கோட்டு தைக்க சேலம் இறங்கினார்கள். கடைவீதியில் ஒரு தையல் கடை. தையல்காரர் மணி அளவெடுத்துக்கொண்டு வந்தவர், இடது கைக்கு வந்ததும் டேப்பைப் பிடித்தபடி தயங்கினார். சுபைதாவின் முகத்தைப் பார்த்தார்.

"ரெண்டு கையும் ஒரே அளவா வெச்சரட்டுங்களா? பாக்கறதுக்கு ஒரே மாதிரி இருக்கும். கையும் தெரியாது."

சுபைதா பதில் சொல்ல வாயெடுத்தாள். அதற்குள் தஸ்லீமா இடது மணிக்கட்டுக்குச் சற்று மேலே வலது கைவிரலால் ஒரு கோடு போட்டுக் காட்டினாள்.

"இதை இந்த எடத்தோட நிறுத்திருங்க அண்ணா. நீளமா இருந்தா வேலை செய்யறப்ப மாட்டிக்கும்."

மணி சாக்பீஸால் குறித்துக்கொண்டார். கோட்டு வெள்ளிக்கிழமை ரெடியாகும் என்றார். மழை பிடிப்பதற்குள் மலைக்குப் போகிற பஸ்ஸைப் பிடிக்க வேண்டுமென்று இருவரும் வேகமாக நடந்தார்கள். வழியில் சுபைதா ஒரு கடையில் நின்று மகளுக்கு நல்லதாக இரண்டு பேனா வாங்கினாள்.